சொல் பிடிக்கும் வித்தை

மந்திர அகராதி செய்து விற்கும் கம்பெனி கதையில்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. எஸ். ராமகிருஷ்ணன் 1974இல் சென்னையில் தொடங்கிய க்ரியா, 1992இல் அப்படி ஒன்றைக் கடைக்குக் கொண்டுவந்தது: தற்காலத் தமிழ் அகராதி.

சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன் (1924-36) லட்சம் சொற்களுக்கு மேல் திரட்டிய சாதனை. ஆனால் இன்றைய பேப்பரில் வரும் பல சொற்களுக்கு அதில் விடை கிடைக்காது. க்ரியா இக்கால எழுத்தைத் திரட்டி, சொல் புழங்கும் விதத்தைப் பார்த்துப் பொருள் எழுதியது. இலங்கை வழக்குக்கும் இடம் தந்தது. மூன்றாம் பதிப்பு வெளியான சில நாட்களில், 2020 நவம்பரில், ராமகிருஷ்ணன் கொரோனா தாக்கி மறைந்தார்.

மந்திரத்தின் ரகசியம் எளிது: எழுத்தில் ஏறிய சொல்தான் அகராதியில் ஏறும். மும்பைத் தமிழருக்கு இடிப்பது இங்கேதான். ஊரில் 'சால்' என்றால் உழவுசால், தண்ணீர்ச்சால். தாராவியில் அது வரிசையாக ஒற்றை அறை வீடுகள் கொண்ட குடியிருப்பு. மாட்டுங்காவிலும் செம்பூரிலும் 'நாக்கா' என்றால் குழந்தைக்கும் புரியும். பேசுகிறோம், பேனாவை எடுத்ததும் சென்னைத் தமிழுக்குத் தாவிவிடுகிறோம். நாம் எழுதாத சொல்லை எந்த அகராதிக்காரர் வந்து பொறுக்குவார்?