டவர் வழக்கு எங்கே தோற்கிறது?

வடசென்னையின் கொடுங்கையூர் முத்தமிழ் நகர், எழில் நகர் பக்கம் ஏதோ ஒரு மொட்டை மாடியில் செல்போன் டவர் ஏறப்போகிறது என்று பேச்சு கிளம்பினால் அடுத்து நடப்பதை ஊகித்துவிடலாம். தெருவே கையெழுத்துப் போட்டு மனு தயாராகும். கவுன்சிலர், தண்டையார்பேட்டை மண்டல அலுவலகம், காவல் நிலையம் என்று அலைந்துவிட்டு வழக்கறிஞரிடம் போவார்கள். மனுவின் முதல் பத்தியிலேயே ‘புற்றுநோய்’ வந்துவிடும். பெரும்பாலும் வழக்கு தோற்பது அந்தப் பத்தியில்தான்.

நீதிமன்றம் ஆதாரம் கேட்கும். மனுதாரரிடம் இருப்பது அச்சம். நிரூபிக்கப்படாத உடல்நலக் கேட்டைக் காட்டி டவரைத் தடுக்க முடியாது என்று கேரள உயர் நீதிமன்றம் சேமஞ்சேரி ஊராட்சி வழக்கில் 2006-லேயே சொல்லிவிட்டது. 5ஜி-யை எதிர்த்து தில்லி உயர் நீதிமன்றம் போன நடிகை ஜூஹி சாவ்லாவுக்கு 2021-ல் கிடைத்தது 20 லட்சம் ரூபாய் அபராதம். அடுத்த ஆண்டு அது 2 லட்சமானது. மறுபக்கமும் உண்டு. பள்ளி, மருத்துவமனைகளில் இருந்த டவர்களை அகற்றச் சொன்னது ராஜஸ்தான் உயர் நீதிமன்றம் (2012). தன் புற்றுநோய்க்குப் பக்கத்து வீட்டு டவரே காரணம் என்று குவாலியரின் வீட்டுப் பணியாளர் ஒருவர் முறையிட, அந்த பிஎஸ்என்எல் டவரை நிறுத்தச் சொன்னது உச்ச நீதிமன்றம் (2017). ஆனால் கதிர்வீச்சுதான் நோயைத் தந்தது என்று அந்த உத்தரவு தீர்மானிக்கவில்லை.

டவரால் புற்றுநோய் வரும் என்பதை நான் நம்பவில்லை. 2011-ல் உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகமை ரேடியோ அலைகளை ‘உண்டாக்கவும் கூடும்’ என்ற பட்டியலில் வைத்தது உண்மை. ஆசிய முறையில் ஊறவைத்த காய்கறிகளும் அதே பட்டியலில்தான் உள்ளன. சர்வதேச வரம்பில் பத்தில் ஒரு பங்கைத்தான் இந்தியா 2012 செப்டம்பர் முதல் அனுமதிக்கிறது. ஆன்டெனா அலைகளைப் பக்கவாட்டில் வீசுவதால் நேர் கீழே குடியிருப்பவருக்கு விழுவது குறைவு.

ஆனால் இதை அதிகாரி வந்து சொன்னால் கொடுங்கையூர்க்காரர் ஏன் நம்ப வேண்டும்? நாற்பது ஆண்டுகளாக வடசென்னையின் குப்பையும் அதன் புகையும் அவர் தலையில். 2023 டிசம்பரில் மணலி சுத்திகரிப்பு ஆலை எண்ணெய் கொசஸ்தலை ஆற்றில் கலந்தது. அதே மாதம் எண்ணூரில் அமோனியா கசிந்து நள்ளிரவில் ஜனம் ஓடியது. இப்போது குப்பையை எரிக்க உலை வைக்கிறோம், பயப்படாதீர்கள் என்கிறார்கள். ‘வரம்புக்குள்தான் இருக்கிறது’ என்ற வாக்கியம் இந்தப் பகுதியில் மதிப்பிழந்துவிட்டது. டவர் மீதான பயத்தில் பாதி, டவருக்குச் சம்பந்தமில்லாத பழைய கணக்கு.

அதனால் அளவீடு முதலில் வர வேண்டும். இன்று தொலைத்தொடர்புத் துறையின் ‘தரங் சஞ்சார்’ தளத்தில் டவரின் கதிர்வீச்சை அளக்கச் சொல்ல 4,000 ரூபாய் கட்டணம். சந்தேகப்படுபவனே செலவழித்துச் சந்தேகத்தைத் தீர்த்துக்கொள்ள வேண்டுமாம்! குடியிருப்புகளில் டவர் இயங்கத் தொடங்கியதும் தொலைத்தொடர்புத் துறையே தெருவாசிகள் முன்னால் அளந்து, எண்ணை வாசலில் ஒட்டட்டும்.

வழக்குக்கு வருவோம். மனுவில் கடைசி வரியாகக்கூட வராத விஷயங்களில்தான் சட்டத்தின் பிடி இருக்கிறது. டவருக்காக மின்வெட்டில் ஓடும் டீசல் ஜெனரேட்டருக்குப் புகை வரம்பு உண்டு. குடியிருப்பில் இரவு ஒலி 45 டெசிபலைத் தாண்டக் கூடாது. இதை ஒரு கருவி ஒரே இரவில் காட்டிவிடும். தொலைத்தொடர்பு விதிகளில் 2022-ல் வந்த திருத்தம் தனியார் கட்டடத்தில் டவர் வைக்க உள்ளாட்சி அனுமதியே வேண்டாம் என்றாக்கியது. அது மோசமான திருத்தம் என்பதே என் கருத்து. இருந்தாலும் எழுத்துமூல முன்னறிவிப்பையும் கட்டமைப்புப் பொறியாளரின் சான்றையும் அதுவும் கேட்டது. இரண்டு மாடிக்குப் போட்ட அஸ்திவாரத்தின் மேல் மூன்றாவதையும் எழுப்பிய வீடுகள் நிறைந்த தெருவில், அப்படி ஏறிய டவருக்கான சான்றில் கையெழுத்திட்ட பொறியாளர் எந்தத் தூணைச் சோதித்தார் என்று நிறுவனம் நீதிபதியிடம் பதில் சொல்லியாக வேண்டும்.