ஒரே ஒரு டெஸ்ட்



இவ்வாண்டு மண்டலப் போட்டிகளில் எறிபந்தும் குண்டு எறிதலும் ஒரே நாளில் வந்தன. எதில் சேர்வது என்று நான் விழித்துக்கொண்டிருந்தபோது, "மொரப்பாக்கம் கோபாலனைப் போல ஏமாந்துவிடாதே" என்றார் அப்பா. யார் அந்தக் கோபாலன் என்று தேடிப் படித்தேன். அவர் ஏமாந்தார் என்பதை என்னால் ஒப்புக்கொள்ள இயலவில்லை.

எம். ஜே. கோபாலன் வேகப்பந்து வீச்சாளர். பழைய செங்கற்பட்டு மாவட்டத்து மொரப்பாக்கத்தில் 1909 ஜூன் 6 அன்று பிறந்தார். அவ்வகையில் நம் வண்டலூருக்கும் அவர் சொந்தக்காரரே. குடும்பம் திருவல்லிக்கேணியில் குடியேறியது. சி. பி. ஜான்ஸ்டன் என்ற ஆங்கிலேய ஆட்டக்காரர் இவருடைய திறமையைக் கண்டு, பர்மா ஷெல் கம்பெனியில் வேலை வாங்கிக் கொடுத்தார். ("விளையாட்டு சோறு போடுமா?" என்று கேட்கும் பெற்றோர் இவ்வரியை இன்னொரு முறை படிக்கும்படி வேண்டுகிறேன்.)

1934 ஜனவரியில் கல்கத்தாவில், ஜார்டின் தலைமையில் வந்த இங்கிலாந்து அணிக்கு எதிராக ஆடினார். ஒரு விக்கெட், இரண்டு இன்னிங்ஸிலும் சேர்த்து 18 ஓட்டங்கள். அதுவே அவருடைய முதல் டெஸ்ட். கடைசி டெஸ்ட்டும் அதுவே. 'ஒன்றுதானே!' என்று இரங்குகிறார்கள். ஆனால் 1932-இல் தொடங்கி இரண்டாம் உலகப் போர் வரை இந்தியா ஆடிய டெஸ்ட்டுகள் மொத்தமே 7. அடுத்த டெஸ்ட் 1946-இல்தான் வந்தது. அப்போது கோபாலனுக்கு வயது 37. மேலும், முகமது நிசாரும் அமர்சிங்கும் புதுப்பந்தை வைத்திருந்த காலம் அது. ஏழில் ஒன்று என்று சொல்லிப் பாருங்கள், இரக்கம் போய்விடும்.

அதே 1934, நவம்பர் 4. சேப்பாக்கத்தில் சென்னைக்கும் மைசூருக்கும் ரஞ்சிக் கோப்பையின் முதல் ஆட்டம். அக்கோப்பையின் வரலாற்றிலேயே முதல் பந்தை வீசியவர் நம் கோபாலன். ராம்சிங் 11 விக்கெட்டுகளைச் சாய்க்க, ஆட்டம் ஒரே நாளில் முடிந்துபோயிற்று!

இனி அப்பா சொன்ன விஷயத்துக்கு வருகிறேன். கோபாலன் சிறந்த ஹாக்கி வீரரும்கூட. 1935-இல் தியான்சந்த் தலைமையில் நியூசிலாந்து சென்ற அணியில் இருந்தவர். மறு ஆண்டு, ஒருபுறம் பெர்லின் ஒலிம்பிக்குக்கான ஹாக்கித் தேர்வு. மறுபுறம் இங்கிலாந்துக்குக் கிரிக்கெட் பயணம். அவர் கிரிக்கெட்டைத் தேர்ந்தார். அங்கே மூன்று டெஸ்ட்டுகளில் ஒன்றில்கூட அவரை ஆடவிடவில்லை. ஆகஸ்ட் 15 அன்று ஹாக்கி அணி ஜெர்மனியை 8-1 என வென்று தங்கம் கொண்டது. இழப்புதான், பெரிய இழப்பு. எனினும், அணியில் சேர்த்து அழைத்துச் சென்றபின் உட்கார வைத்தவர்களின் பிழையை அவர் தலையில் ஏற்றுவது என்ன நியாயம்?

மறைக்கல்வி வகுப்பில் தாலந்து உவமையைப் படித்திருக்கிறோம். தாலந்தை மண்ணில் புதைத்தவன் அச்சத்தால் புதைத்தான். கோபாலன் எதையும் புதைக்கவில்லை. 1952-53 முதல் சென்னையும் இலங்கையும் அவர் பெயரால் அமைந்த கோப்பைக்காகப் பல்லாண்டு மோதின. 2003 டிசம்பரில், 94-ஆம் வயதில் அவர் மறைந்தபோது, உயிருடன் இருந்த டெஸ்ட் வீரர்களில் அவரே மூத்தவர்.

அவருக்காவது இரண்டு விளையாட்டுகளுக்கு இடையே திகைப்பு. நமக்கோ பத்தாம் வகுப்பு வந்ததும் அதற்கும் வழியில்லை. பள்ளி விட்டால் டியூஷன், டியூஷன் விட்டால் வீடு. அருட்சகோதரிகளையும் பெற்றோரையும் கேட்டுக்கொள்கிறேன்: மாலையில் ஒரு மணி நேரம் மைதானத்தை எங்களுக்கு விட்டுவிடுங்கள்.

நான் எறிபந்துக்கே பெயர் கொடுத்தேன். அணிக்கு ஏழு பேர் வேண்டும். எங்கள் வகுப்பில் ஐந்து பேர்தான் தேறினோம்.