பழைய டேப்லெட்டின் சாவி யாரிடம் இருக்க வேண்டும்?

வீட்டில் சும்மா கிடக்கும் பழைய டேப்லெட்டை என்ன செய்யலாம் என்று நண்பர்கள் சிலர் கேட்டிருந்தார்கள். திரையில் கீறல் இல்லை, பேட்டரி இன்னும் நாலு மணி நேரம் தாங்குகிறது, பாட்டும் நன்றாகக் கேட்கிறது. ஆனால் எந்த ஆப்பைப் போடப் போனாலும் இந்தச் சாதனத்தில் இயங்காது என்று வருகிறது. தூக்கிப் போட மனசு வரவில்லை என்கிறார்கள். வரக் கூடாதுதான். அந்த டேப்லெட் கெட்டுப்போகவில்லை. அதைச் செய்தவர்கள் புது மென்பொருள் அனுப்புவதை நிறுத்திவிட்டார்கள், அவ்வளவுதான்.

கூகுளுக்காக ஆசுஸ் தயாரித்த நெக்ஸஸ் 7, 2013 மாடலை எடுத்துக்கொள்ளுங்கள். ஏழு அங்குலத் திரை, 2 ஜி.பி. ராம். எழுத்துகள் அச்சடித்ததுபோல் தெளிவாகத் தெரியும். ஆண்ட்ராய்டு 4.3-உடன் வந்தது, அதிகாரபூர்வமாக 6.0.1-உடன் நின்றுவிட்டது. அதற்குப் பிறகும் பல பேர் அதில் புதிய ஆண்ட்ராய்டை ஏற்றிப் பல வருடம் ஓட்டினார்கள். எப்படி முடிந்தது? அதன் பூட்டை உரிமையாளரே திறந்துகொள்ளலாம் என்று ஆரம்பத்திலேயே வழி வைத்திருந்தார்கள்.

இதில் ரெகவரி என்று ஒன்று வருகிறது. அது என்ன? ஆண்ட்ராய்டு வீட்டின் முன்வாசல் என்றால் ரெகவரி பின்வாசல். டேப்லெட்டின் நினைவகத்தில் தனியாக ஒதுக்கிய சின்ன இடத்தில் இருக்கும். ஆண்ட்ராய்டு படுத்துவிட்டாலும் இது தானாகக் கிளம்பும். கம்பெனி அனுப்பும் அப்டேட்டை உள்ளே ஏற்றுவதும், எல்லாவற்றையும் அழித்துப் புதிதுபோல் ஆக்குவதும் இதன் வேலை. ஆனால் கம்பெனி முத்திரை இல்லாத எதையும் இந்தக் காவலாளி உள்ளே விடமாட்டார். அவருக்குப் பதிலாக நாம் சொல்வதைக் கேட்கும் ஆளை வைப்பதுதான் கஸ்டம் ரெகவரி. டி.டபிள்யூ.ஆர்.பி. என்பது அவற்றில் அதிகம் பேருக்குத் தெரிந்தது.

வேலை ஒன்றும் பெரிதல்ல. டேப்லெட்டை அணைத்துவிட்டு, பவர் பட்டனையும் ஒலியைக் குறைக்கும் பட்டனையும் சேர்த்து அழுத்தினால் பூட்லோடர் திரை வரும். கம்ப்யூட்டரோடு கேபிளில் இணைத்து, கூகுளே இலவசமாகத் தரும் ஃபாஸ்ட்பூட் என்ற நிரல் மூலம் பூட்டைத் திறக்க வேண்டும். அந்த நிமிடமே உள்ளே இருக்கும் படம், பாட்டு எல்லாம் அழிந்துவிடும். முன்னாலேயே நகல் எடுத்துவிடுங்கள். பிறகு அதே வழியில் ரெகவரி கோப்பை ஏற்றி, நேராக ரெகவரிக்குள்ளேயே போய்விட வேண்டும். நடுவில் பழைய ஆண்ட்ராய்டைக் கிளம்ப விட்டால், அது பழைய காவலாளியைத் திரும்பக் கொண்டுவந்து உட்கார வைத்துவிடும்!

இன்னொன்று முக்கியம். நெக்ஸஸ் 7 என்ற ஒரே பெயரில் 2012-லும் ஒன்று வந்தது. 2012 வைஃபை மாடலுக்கு உள்பெயர் குரூப்பர், 2013 வைஃபை மாடலுக்கு ஃப்ளோ, அதே வருடத்து சிம் மாடலுக்கு டெப். ஒன்றின் கோப்பு இன்னொன்றுக்கு ஆகாது. பெட்டியில் இருக்கும் பெயரைப் பார்க்காதீர்கள், உள்பெயரைப் பாருங்கள்.

என் வாதத்துக்கு வருகிறேன். ஆண்ட்ராய்டின் மூலநிரலை யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் என்று கூகுள் வெளியிடுகிறது. அதை வைத்து லீனியேஜ் ஓ.எஸ். போன்றவற்றைத் தன்னார்வலர்கள் காசு வாங்காமல் செய்து தருகிறார்கள். அப்படியிருந்தும் பல டேப்லெட்டுகளில் பூட்டைத் திறக்கவே வழி கிடையாது. சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி இடம் கொடுக்காத கதைதான்.

பூட்டே கூடாது என்று நான் சொல்லவில்லை. திருடன் கையில் சிக்கினால் நம் தகவலைக் காப்பது அந்தப் பூட்டுதான். திறக்கும்போது எல்லாம் அழிவதும் அதற்காகத்தான். பூட்டைத் திறந்த சாதனத்தில் பல வங்கி ஆப்கள் ஓட மறுப்பதையும் குறை சொல்லமாட்டேன். புது ஆண்ட்ராய்டு போட்டாலும் சிப்புக்கான பழைய டிரைவர்கள் பழையபடிதான் இருக்கும், அவற்றின் ஓட்டை முழுதாக அடைபடாது. ஆகவே அதில் பணப் பரிமாற்றம் வேண்டாம். புத்தகம் படிக்க, பாட்டுக் கேட்க, பேரப்பிள்ளைகளுக்குக் கதை காட்ட அது போதும்.

நான் கேட்பது, சாவி யாரிடம் என்பது மட்டுமே. வீட்டை விற்றவர் சாவியைத் தானே வைத்துக்கொள்வதை நாம் ஒத்துக்கொள்வோமா? ஐரோப்பிய ஒன்றியத்தில் 2025 ஜூன் 20 முதல் ஒரு விதி நடைமுறைக்கு வந்திருக்கிறது. ஒரு மாடலைச் சந்தைக்கு அனுப்புவதை நிறுத்திய நாளிலிருந்து குறைந்தது ஐந்து வருடம் அதற்கு மென்பொருள் அப்டேட் கிடைக்க வேண்டும். நல்ல விதி. ஆனால் ஐந்து வருடம் முடிந்த மறுநாள்? நம் நாட்டிலும் பழுதுபார்க்கும் உரிமைக்கென்று மத்திய அரசு 2022 டிசம்பரில் ஓர் இணையதளம் தொடங்கியது. உதிரிபாகம், கையேடு, சர்வீஸ் சென்டர் பற்றிய பேச்சோடு சாவியும் சேர வேண்டும். அப்டேட்டை நிறுத்தும் நாளில் பூட்டைத் திறக்கும் வழியை வாங்கியவரிடம் கொடுத்துவிட வேண்டும். இதில் கம்பெனிக்குச் செலவு அதிகமில்லை. அடுத்த டேப்லெட் விற்பது கொஞ்சம் தள்ளிப்போகும், அவ்வளவுதான்.

அதுவரை நம் கையில் இருப்பது ஒரு கேள்வி. அடுத்த முறை டேப்லெட் வாங்கக் கடைக்குப் போனால், கேமரா எத்தனை மெகாபிக்சல் என்று கேட்பதற்கு முன்னால் இரண்டு விஷயம் கேளுங்கள்: எத்தனை வருடம் அப்டேட் வரும்? அதன் பிறகு பூட்லோடரை நானே திறக்க முடியுமா? கடைப் பையனுக்குப் பதில் தெரியாமல் இருக்கலாம். பத்துப் பேர் கேட்டால் அவன் மேலே கேட்பான்.