கல்லில் நின்ற பெயர்

மூணாற்றில் குன்றின்மேல் நிற்கும் கிறிஸ்து ஆலயத்தை நம் அன்பர் பலரும் கண்டிருப்பர். அதன் பின்புறச் சரிவில் ஏறினால் பழைய கல்லறைகள் உள்ளன. அவற்றுள் ஒன்று எலனார் இசபெல் என்னும் ஆங்கிலப் பெண்மணியுடையது. சென்ற திங்கள் நாம் அங்குச் சென்று சிறிது நேரம் நின்றோம்.

தோட்ட நிர்வாகி ஹென்றி மான்ஸ்ஃபீல்டு நைட் என்பவரின் மனைவி அவர். கடல் கடந்து இம்மலைக்கு வந்தவர், 1894ஆம் ஆண்டு டிசம்பரில் காலரா கண்டு மாண்டார். அப்போது வயது 24. இக்குன்றின் அழகில் மயங்கி, தாம் இறந்தால் இங்கேயே புதைக்க வேண்டும் என்று கணவரிடம் கூறியதாக ஊரார் சொல்வர். ஆலயமோ அதன் பின்னர் 1910-11இல் எழுந்தது. கல்லறை முந்தியது, கோயில் பிந்தியது.

தாய்வீட்டை விட்டுக் கணவன் பின்னே வந்து, அயல் மண்ணில் கண் மூடிய அந்த இளம்பெண்ணை எண்ணுங்கால் நெஞ்சம் இளகவே செய்கிறது. ஆயின் அக்காலத்திலேயே நம் பெண்டிரும் வந்தனர். கங்காணியின் பின்னே, போடியிலிருந்து குரங்கணி வழியாக, இடுப்பில் பிள்ளையும் தலையில் சட்டிபானையுமாக மலையேறினர். குளிரும் அட்டைக்கடியும் கொள்ளைநோயும் அவர்களுக்கும் இருந்தன. 1924ஆம் ஆண்டுப் பெருவெள்ளமும் மூணாற்றைப் பாழ்படுத்திற்று. அவர்களுள் எத்தனை பேருக்குக் கல் நட்டோம்?

பிறரைக் குறை கூறுவானேன்? நம் இல்லத்திலேயே பாட்டியின் தாயார் பெயர் யாதெனப் பெரியம்மாவிடம் கேட்டோம். சற்றே யோசித்து, "போடிக்காரி என்றுதான் எல்லாரும் கூப்பிடுவார்கள், தம்பி" என்றார். பெற்றோர் இட்ட பெயர் அவருடனேயே போயிற்று. கொழுந்து பறித்துப் பிள்ளைகளை ஆளாக்கியவருக்கு நாம் வைத்திருப்பது ஓர் ஊரின் பெயர் மட்டுமே. நாணினோம்.

ஆகவே சங்கத்துக் குடும்பத்தார்க்கு ஒரு வேண்டுகோள். கல் நாட்டப் பொருள் வேண்டும். எழுதி வைக்க ஒரு நோட்டுப் புத்தகம் போதும். வீட்டு முதியவளின் அருகே இன்றே அமருங்கள். அவள் பெயர், அவள் தாயின் பெயர், பிறந்த ஊர், வந்த வழி, வேலை செய்த தோட்டம், வாழ்ந்த லயம் ஆகியவற்றைக் கேட்டு எழுதுங்கள். "என் கதை எதற்கு?" என்று அவள் நகைப்பாள். நகைக்கட்டும்; நீங்கள் எழுதுங்கள். நாளைக்கு என்று தள்ளினால், நம்மைப்போல் பெரியம்மாவிடம் கேட்டுத் தலைகுனிய நேரும்.