சாலை போட்டவருக்கு ஊர் சொந்தமாகாது

2025 செப்டம்பர் 3 அன்று பெய்ஜிங்கில் நடந்த ராணுவ அணிவகுப்பைப் பார்க்கச் சென்ற தலைவர்களில் நேபாளப் பிரதமர் கே.பி. சர்மா ஓலியும் ஒருவர். ஆறே நாளில், செப்டம்பர் 9 அன்று, அவர் பதவி விலகினார். 26 சமூக ஊடகத் தளங்களுக்கு அவருடைய அரசு தடை விதித்திருந்தது. அமைச்சர் வீட்டுப் பிள்ளைகளின் ஆடம்பரத்தையும் தங்கள் வேலையின்மையையும் பார்த்துக் கொதித்துப்போயிருந்த இளைஞர்கள் தெருவுக்கு வந்தார்கள். முதல் நாளிலேயே 19 பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். மறுநாள் நாடாளுமன்றக் கட்டடமும் தலைமைச் செயலகமான சிங்க தர்பாரும் எரிந்தன. அரசிடம் பதிவு செய்துகொண்டதால் தடைக்குத் தப்பிய தளங்களில் ஒன்று சீன நிறுவனத்தின் டிக்டாக். அமைச்சர் வீட்டுப் பிள்ளைகளின் கைப்பைகளையும் கார்களையும் காட்டிய காணொளிகள் அதில்தான் வேகமாகப் பரவின.

அந்த இரண்டு நாட்களில் என்ன நடக்கப்போகிறது என்று பெய்ஜிங்குக்கும் தெரியவில்லை, டெல்லிக்கும் தெரியவில்லை. ஆனால், நேபாளம் சீனாவின் பிடிக்குள் போய்விட்டது என்று நமது தொலைக்காட்சிகள் பத்தாண்டுகளுக்கும் மேலாகச் சொல்லிவருகின்றன. ஓய்வுபெற்ற தூதர்களும் தளபதிகளும் அதையே எழுதுகிறார்கள். இந்தப் பார்வை தவறு என்பது நமது உறுதியான கருத்து. அதை நம்பி எடுத்த முடிவுகள் நேபாள மக்களுக்குத் தீங்கு செய்தன; இந்தியாவுக்கும் செய்தன.

இந்தப் பயம் பழையது. 1960 டிசம்பரில் தேர்ந்தெடுக்கப்பட்ட பி.பி. கொய்ராலா அரசைக் கலைத்த மன்னர் மகேந்திரா, அடுத்த ஆண்டு பெய்ஜிங் சென்று எல்லை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார். காத்மாண்டுவிலிருந்து திபெத் எல்லையிலுள்ள கொடாரி வரை சீனா சாலை போட்டுத் தரவும் ஒத்துக்கொண்டார். டெல்லி பதறியது. கம்யூனிசம் டாக்சியில் ஏறி வராது என்று மகேந்திரா பதில் சொன்னதாக நேபாளத்தில் இன்றும் சொல்வார்கள். சாலை 1967-இல் திறந்தது. மகேந்திரா சொன்னபடியே ஆயிற்று. கம்யூனிசம் அந்தச் சாலை வழியாக வரவில்லை. அது நேபாளத்தின் மேற்கு மலைகளில், சாலையே இல்லாத ரோல்பா, ருக்கும் கிராமங்களில், நிலமற்றவர்களின் வயிற்றெரிச்சலில் முளைத்தது.

அங்கே 1996 பிப்ரவரியில் மாவோவின் பெயரால் தொடங்கிய ஆயுதப் போர் பத்தாண்டுகள் நீடித்து, சுமார் 17,000 உயிர்களைக் கொண்டுபோனது. மாவோவின் நாடு யார் பக்கம் நின்றது? 2005-இல் மன்னர் ஞானேந்திரா ஆட்சியைத் தன் கையில் எடுத்துக்கொண்டதும் இந்தியாவும் அமெரிக்காவும் பிரிட்டனும் ஆயுதம் அனுப்புவதை நிறுத்தின. அந்த மன்னருக்கு ஆயுதம் கொடுத்தது சீனா. கிளர்ச்சியாளர்கள் மாவோவின் பெயரைக் கெடுக்கிறார்கள் என்பதே பெய்ஜிங்கின் நிலைப்பாடு. அதே 2005 நவம்பரில் மாவோயிஸ்டுகளும் மன்னரை எதிர்த்த ஏழு கட்சிக் கூட்டணியும் 12 அம்ச உடன்பாட்டை எட்டிய இடமோ டெல்லி. நேபாளத்தில் முடியாட்சியின் முடிவு அங்கிருந்துதான் தொடங்கியது. கொள்கை உறவை வைத்து ஒரு நாட்டின் போக்கைக் கணிப்பவர்கள் இந்த ஓராண்டை மட்டும் நிதானமாகப் படித்தால் போதும்.

பிறகு ஒரு காலம் வந்தது. சீனா கேட்டதெல்லாம் நடந்துவிடும் என்று தோன்றிய காலம். 2017 தேர்தலில் ஓலியின் கட்சியும் பிரசண்டாவின் மாவோயிஸ்டுகளும் சேர்ந்து நின்று கிட்டத்தட்ட மூன்றில் இரண்டு பங்கு இடங்களை வென்றார்கள். 2018 மே மாதம் இரண்டு கட்சியும் ஒன்றாகி நேபாளக் கம்யூனிஸ்ட் கட்சி ஆனது. 2019 செப்டம்பரில் ஏறத்தாழ 200 தலைவர்கள் காத்மாண்டுவில் உட்கார்ந்து ஷி ஜின்பிங்கின் சிந்தனைகள் பற்றிப் பாடம் கேட்டார்கள். அக்டோபரில் ஷி ஜின்பிங்கே வந்தார். சீன அதிபர் ஒருவர் நேபாள மண்ணை மிதித்து 23 ஆண்டுகள் ஆகியிருந்தன.

பாடம் கேட்டவர்கள் பாடத்தோடு வீட்டுக்குப் போய்த் தங்கள் சண்டையைத் தொடர்ந்தார்கள். முதல் பாதிக் காலம் நீ, இரண்டாம் பாதி நான் என்று பேசியிருந்த பிரதமர் நாற்காலியை ஓலி விட்டுத்தரவில்லை. 2020-இல் சீனத் தூதர் ஹௌ யான்சி ஒவ்வொரு தலைவரின் வீட்டுக்கும் போய்ச் சமாதானம் பேசினார். அயல்நாட்டுத் தூதர் ஆளுங்கட்சியின் குடும்பச் சண்டையில் பஞ்சாயத்து பேசுவதா என்று காத்மாண்டுவில் மாணவர்கள் கொடி பிடித்தார்கள். டிசம்பர் 20 அன்று ஓலி நாடாளுமன்றத்தைக் கலைத்தார். ஒரு வாரத்தில் சீனக் கம்யூனிஸ்ட் கட்சியின் சர்வதேசத் துறைத் துணை அமைச்சர் குவோ யேசோ ஒரு குழுவோடு பறந்து வந்தார். எல்லாரையும் பார்த்தார், வெறுங்கையோடு திரும்பினார். 2021 மார்ச் 7 அன்று நேபாள உச்ச நீதிமன்றம், அந்தப் பெயரில் ஏற்கெனவே வேறொரு கட்சி பதிவாகியிருந்ததைக் காரணம் காட்டி, இணைப்பையே செல்லாது என்றது. உலகின் மிகப் பெரிய கம்யூனிஸ்ட் கட்சி தன் முழுக் கவனத்தையும் செலுத்திக் காப்பாற்றப் பார்த்த கூட்டை ஒரு பெயர்ப் பதிவு வழக்கு உடைத்தது.

அடுத்த ஆண்டே இன்னொரு சோதனை. அமெரிக்காவின் எம்.சி.சி. அமைப்பு மின்பாதைக்கும் சாலைக்கும் தரும் 50 கோடி டாலர் மானியத்தை நேபாள நாடாளுமன்றம் ஏற்க வேண்டுமா என்ற கேள்வி. வேண்டாம் என்று தெருவில் கல்லெறியும் கண்ணீர்ப்புகையும் நடந்தன. இது நிர்ப்பந்த ராஜதந்திரம் என்று பெய்ஜிங் வெளிப்படையாகவே எதிர்ப்புத் தெரிவித்தது. ஆனாலும் 2022 பிப்ரவரி 27 அன்று ஒப்பந்தம் நிறைவேறியது. அப்போது ஆளுங்கூட்டணியில் பிரசண்டாவின் மாவோயிஸ்டுகளும் இருந்தார்கள்.

சரி, பணம்? சீனாவின் பெல்ட் அண்ட் ரோடு திட்டத்தில் நேபாளம் 2017 மே மாதம் கையெழுத்திட்டது. ஏழு ஆண்டுகளுக்குப் பிறகு, 2024 டிசம்பரில் ஓலி பெய்ஜிங் போனபோதும் மானியமா கடனா என்ற ஒரு சொல்லில்தான் பேச்சு இழுபட்டது. கூட்டணிக் கட்சியான நேபாளி காங்கிரஸ் கடன் கூடாது என்று உறுதியாக நின்றது. சீனாவின் எக்ஸிம் வங்கிக் கடனில், ஏறத்தாழ 21 கோடி டாலர் செலவில் எழுந்த பொக்ரா சர்வதேச விமான நிலையம் 2023 ஜனவரி 1 அன்று திறக்கப்பட்டது. இது பெல்ட் அண்ட் ரோடு திட்டம் என்றது சீனத் தரப்பு. இல்லை என்றது நேபாளம். ஓடுதளம் இருக்கிறது, வெளிநாட்டு விமானங்கள்தான் அரிது. கடன் தவணை மட்டும் தப்பாமல் வருகிறது. இந்தத் திட்டத்துக்காகப் பெய்ஜிங்கை நன்றியோடு நினைக்கும் நேபாளிகளைவிட, யார் எவ்வளவு எடுத்தார்கள் என்று கேட்கும் நேபாளிகளே அதிகம்.

இது சீனாவுக்கு மட்டும் நேர்ந்ததல்ல. சோவியத் யூனியன் எகிப்துக்கு அஸ்வான் அணையைக் கட்டிக் கொடுத்தது. ஆயுதம் கொடுத்தது, ஆயிரக்கணக்கான ராணுவ ஆலோசகர்களை அனுப்பியது. மாஸ்கோவிடம் உதவி பெற்றுக்கொண்டே எகிப்து அதிபர் நாசர் தன் நாட்டுக் கம்யூனிஸ்டுகளைச் சிறையில் அடைத்தார். 1971-இல் நட்புறவு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட அடுத்த அதிபர் சதாத், 1972 ஜூலையில் சோவியத் ஆலோசகர்களை வெளியேறச் சொன்னார். 1976-இல் ஒப்பந்தத்தையே ரத்து செய்தார். அணை நைல் நதியில் நின்றது. செல்வாக்கு நிற்கவில்லை.

இனி, சீனாவின் கை எங்கே எட்டுகிறது என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். காத்மாண்டுவில் வாழும் திபெத்திய அகதிகள் தலாய் லாமாவின் பிறந்தநாளைக்கூடப் பயந்து பயந்தே கொண்டாட வேண்டியிருக்கிறது. 1990-களின் நடுப்பகுதியிலிருந்து அவர்களுக்கு அகதி அட்டை தருவது நின்றுபோனது. அங்கே பிறந்து வளர்ந்த பிள்ளைக்கு வங்கிக் கணக்கு தொடங்குவதும் வேலை தேடுவதும் பெரும்பாடு. எளியவர்கள் மீது அழுத்தம் செலுத்தும்போது பெய்ஜிங்கின் சொல் எடுபடுகிறது. இது நமக்கு மிகுந்த வருத்தம் தருவது. ஆனால், அந்த அழுத்தத்துக்கும் ஓர் எல்லை தென்பட்டது. 2019-இல் ஷி ஜின்பிங் வந்திருந்தபோது சீனா விரும்பிய, நபர்களை ஒப்படைக்கும் ஒப்பந்தத்தில் நேபாளம் கையெழுத்திடவில்லை.

செல்வாக்கின் எல்லையை வரைவதில் மலைக்கும் தூரத்துக்கும் பெரிய பங்கு உண்டு. 2015 ஏப்ரல் நிலநடுக்கத்தின் காயம் ஆறாத நேரம். செப்டம்பரில் நேபாளம் புதிய அரசமைப்பை அறிவித்தது. தராய் சமவெளியின் மாதேசி மக்கள் தங்களுக்கு அநீதி இழைக்கப்பட்டதாகப் போராடினார்கள். அவர்களுடைய குறையில் நியாயம் இருந்தது. இந்திய எல்லையில் லாரிகள் நின்றன. பாதுகாப்புக் காரணம் என்றது டெல்லி. முற்றுகை என்றார்கள் நேபாளிகள். மாதக்கணக்கில் சமையல் எரிவாயு இல்லை. கூடாரத்தில் குளிர்காலத்தைக் கழித்த தாய்மார்கள் விறகு தேடினார்கள். மருத்துவமனைகளில் மருந்து தீர்ந்தது. அந்த நேரத்தில் சீனா 13 லட்சம் லிட்டர் பெட்ரோலை மானியமாக அனுப்பியது. நாட்டின் தேவைக்கு அது மிகச் சொற்பம். ஆனால், ஒரு தலைமுறை நேபாளிகளின் மனத்தில் அது எப்படிப் பதிந்தது என்று அந்த வரிசைகளில் சிலிண்டரோடு நின்றவர்களைத்தான் கேட்க வேண்டும். சீனா அறுபது ஆண்டுகளில் சம்பாதிக்க முடியாத நல்ல பெயரை நாம் ஐந்தே மாதங்களில் அதற்குச் சம்பாதித்துக் கொடுத்தோம்.

அதன் பிறகு சீனத் துறைமுகங்களைப் பயன்படுத்தும் உரிமையை நேபாளம் ஒப்பந்தமாகவே பெற்றது. ஆனால் தியான்ஜின் 3,000 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கிறது. கொல்கத்தாவோ பிர்கஞ்ச் எல்லையிலிருந்து 800 கிலோமீட்டருக்குள். நிலநடுக்கத்தில் மூடிய, சீன எல்லையின் தாதோபானி வழி திறக்க 2019 ஆனது. 2025 ஜூலையில் வந்த வெள்ளம், இன்னொரு எல்லை வழியான ரசுவாகடியின் நட்புறவுப் பாலத்தை அடித்துக்கொண்டு போனது. திபெத்தின் கேருங்கிலிருந்து காத்மாண்டுவுக்கு வரவேண்டிய ரயில், பெரும்பகுதி சுரங்கமாகவும் பாலமாகவும், இன்னும் ஆய்வறிக்கையில்தான் ஓடுகிறது. நேபாளத்தின் வெளிவணிகத்தில் பெரும்பங்கு இன்றும் இந்தியாவோடுதான். அதன் ரூபாய் நம் ரூபாயோடு கட்டப்பட்டிருக்கிறது.

இவ்வளவு இருந்தும் நாம் ஏன் பயப்படுகிறோம்? 2020-இல் இந்தியா லிபுலேக் வரை போட்ட சாலையை நேபாளம் எதிர்த்தபோது, யாரோ தூண்டித்தான் இப்படிச் செய்கிறார்கள் என்ற தொனியில் நமது ராணுவத் தளபதியே பேசினார். அதன் பிறகு, இரு நாடுகளும் உரிமை கோரும் காலாபானி, லிபுலேக் பகுதிகளைச் சேர்த்து நேபாளம் வெளியிட்ட புதிய வரைபடத்துக்கான அரசமைப்புத் திருத்தம் அதன் கீழவையில் 258 வாக்குகளோடு, எதிர்த்து ஒரு வாக்குகூட இல்லாமல் நிறைவேறியது. இந்தியாவின் பழைய நண்பரான நேபாளி காங்கிரஸும் வாக்களித்தது, மாதேசிக் கட்சிகளும் வாக்களித்தன. இத்தனை பேரையும் பெய்ஜிங் தூண்டிவிட்டதா? 2025 ஆகஸ்டில் இந்தியாவும் சீனாவும் லிபுலேக் வழியாக மீண்டும் வணிகம் நடத்த உடன்பட்டபோது நேபாளத்திடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஓலி அதைத் தியான்ஜினில் ஷி ஜின்பிங்கிடமே முறையிட்டார். பயன் இல்லை. பெரிய அண்டை நாட்டோடு வணிகமா, சிறிய நண்பனின் மனக்குறையா என்று வந்தபோது சீனா எதைத் தேர்ந்தது என்பதை நேபாளிகள் பார்த்தார்கள். அந்த உடன்பாட்டில் நமக்கும் சரிபாதிப் பங்கு உண்டு என்பதையும் பார்த்தார்கள்.

நேபாள அரசு தனக்காகச் சிந்திக்கிறது என்பதை டெல்லி ஏற்றுக்கொள்ளட்டும். 1950 இந்திய-நேபாள ஒப்பந்தம் முதல் எல்லை வரை எல்லாவற்றையும் ஆராய இரு நாட்டு மூத்தவர்கள் குழு அமைத்தோம். அந்தக் குழு 2018-இல் ஒருமனதாக அறிக்கையை முடித்தது. ஆண்டுகள் கடந்தும் அதை வாங்கிக்கொள்ளக்கூட நமது பிரதமர் அலுவலகம் நேரம் ஒதுக்கவில்லை. இதற்கு எந்த நியாயமும் கிடையாது. ஓர் அறிக்கையைப் பெறுவது அதில் உள்ளதையெல்லாம் ஒப்புக்கொள்வதாகாது. சீனப் பங்கு இருக்கிறது என்பதற்காக நேபாளத்தின் நீர்மின் நிலையங்களிலிருந்து மின்சாரம் வாங்க மறுப்பதையும் நிறுத்த வேண்டும். நட்டம் அங்குள்ள மக்களுக்குத்தான்.

லும்பினிக்கு அருகே பைரஹவாவில் கௌதம புத்தர் சர்வதேச விமான நிலையம் 2022 மே 16 அன்று திறக்கப்பட்டது. ஆசிய வளர்ச்சி வங்கியின் கடன், சீன ஒப்பந்ததாரர். அதே நாளில் புத்த பூர்ணிமாவுக்கு லும்பினி வந்த நமது பிரதமர், அந்த விமான நிலையத்தைத் தொடாமல் ஹெலிகாப்டரில் வந்து ஹெலிகாப்டரில் திரும்பினார். அதன் மேற்குப் பக்கமாக விமானங்கள் நுழைய நேபாளம் கேட்கும் வான்வழிக்கு இன்னும் டெல்லி முழு இசைவு தரவில்லை. அந்த வழியைத் திறந்துவிட ஒரு கையெழுத்து போதும், அதை இந்த ஆண்டே போட வேண்டும்.