பொழுது நகராத நிலங்கள்

சங்க அகப்பாடல்களின் ஐந்திணை நிலங்களில் பொழுது நகர்வதில்லை, நிலத்தோடு கட்டுண்டு கிடக்கிறது. தொல்காப்பியம் நிலத்தையும் பொழுதையும் பிரிக்காமல் முதற்பொருள் என்றே சொல்கிறது. ஆண்டுக்குப் பெரும்பொழுது 6, நாளுக்குச் சிறுபொழுது 6. சிறுபொழுது ஒவ்வொன்றும் 10 நாழிகை, அதாவது 4 மணி நேரம். குறிஞ்சிக்கு உரியது யாமம், முல்லைக்குக் கார்கால மாலை, மருதத்துக்கு வைகறை, நெய்தலுக்கு எற்பாடு எனும் பிற்பகல். பள்ளிப் பாடத்தில் இது மனப்பாடம் செய்யும் அட்டவணையாகச் சுருங்கிப்போனது பெரும் இழப்பு. சங்கராபுரத்து நெல்வயலில் நின்றால் மேற்கே கல்வராயன் மலை தெரியும். திணைக் கணக்கில் வயல் மருதம், அடிவாரக் காடு முல்லை, மலை குறிஞ்சி. சேற்று வரப்பில் விடியலில் புறப்படுபவர் காட்டோரம் சேரும்போது மாலை கவிந்திருக்கும். மலையேறினால் கூதிர்கால நள்ளிரவு, கண்ணுக்குப் புலப்படாமல் கொட்டும் அருவியின் ஓசை மட்டும் கேட்கும். கடிகாரத்தில் சில மணி நேர நடைதான். பாலைதான் ஐந்து திணைகளில் வியப்பு மிக்கது. அதற்கெனத் தனி நிலமே இல்லை; முல்லையும் குறிஞ்சியும் வெயிலில் திரிந்து பாலையாகும் என்கிறது சிலப்பதிகாரம். மற்ற திணைகளில் நிலம் பொழுதைப் பிடித்து வைக்கிறது, இங்கே பொழுதே நிலத்தை உண்டாக்குகிறது. சித்திரை வெயிலில் இலையெல்லாம் உதிர்ந்து, காலடியில் சருகு நொறுங்கும் கல்வராயன் அடிவாரம் அப்படிப்பட்ட பாலைதான். மழை இறங்கித் துளிர் விட்டதும் அதே இடம் முல்லையாகிவிடும்.