நாயாற்றுப் பேய்கள்

முனி, காடேறி, கொள்ளிவாய்ப் பிசாசு என்று வன்னியின் பேய்க் கதைகளைத் திரட்டி, மூடநம்பிக்கை என முத்திரையிட்டு அடுக்குவதையே ஆய்வென்று நம்மவர் சிலர் கருதுகின்றனர். கொள்ளிவாய்ப் பிசாசு சதுப்புநில வாயு என்பர், இருக்கட்டும். நாயாற்றங்கரை வெறிச்சோடியது எந்த முனிக்கு அஞ்சி? 1984 டிசெம்பர்த் தொடக்கத்தில் நாயாற்றிலும் கொக்கிளாயிலும் சிங்கள மீனவக் குடும்பங்கள் புலிகளின் தாக்குதலில் மாண்டன. அதே மாதம் கொக்கிளாய், கொக்குத்தொடுவாய், கருநாட்டுக்கேணித் தமிழரை விரட்டியது படையினரின் ஆணையன்றோ! அக்கொக்குத்தொடுவாயில் 2023 யூனில் நீர்க்குழாய் பதிக்க மண் தோண்டியபோது மனித எலும்புகள் வெளிப்பட்டன. அடுத்த ஆண்டு யூலைக்குள் 52 பேரின் எச்சங்கள் அகழப்பட்டன. ஈமக்கடன் பெறாத உயிர் அலையும் என்பது ஊர்வழக்கு. அதைப் பாமரர் பிதற்றல் என்போர், அந்த 52 பேரும் எந்தத் தாய்மாரின் மக்கள் என்று ஒருமுறையேனும் கேட்டதுண்டா?